ஒட்டப்படாத விசாவுக்குக் கட்டிய பணம்

அக்காவிடம் ஒரு கணக்கு நோட்டு இருக்கிறது. மளிகை, பால், கேஸ் எல்லாம் அதில்தான் எழுதுவாள். அதன் கடைசிப் பக்கத்தில் ஒருநாள் ‘விசா’ என்று தலைப்பிட்டுக் கோடு போட்டாள். மகள் ஐரோப்பாவில் வேலை பார்க்கிறாள். முதல் பிரசவம், அம்மா பக்கத்தில் இருக்க வேண்டும் என்று ஆசைப்பட்டாள். அக்காவும் அத்தானும் கும்பகோணத்தில் உழவன் எக்ஸ்பிரஸ் ஏறி, விடிகாலையில் எழும்பூரில் இறங்கி, லாட்ஜில் அறை எடுத்துக் குளித்துவிட்டு, காகிதக் கட்டோடு விசா மையத்துக்குப் போனார்கள். மூன்று வாரம் கழித்துக் கூரியரில் பாஸ்போர்ட் திரும்பி வந்தது. புரட்டிப் பார்த்தால் விசா இல்லை, ஒரு தாள் மட்டும் செருகியிருந்தது. அச்சடித்த காரணங்களில் ஒன்றுக்கு எதிரே குறி போட்டிருந்தார்கள். விசாக் காலம் முடிவதற்குள் ஊர் திரும்புவீர்களா என்பதில் ஐயம் இருக்கிறது என்பது அதன் பொருள்.

அன்று ராத்திரி நோட்டின் அந்தப் பக்கத்தைக் கூட்டினோம். இரண்டு பேருக்கும் விசாக் கட்டணம் 18,000 ரூபாய். மையத்தின் சேவைக் கட்டணம் 3,900. மருத்துவக் காப்பீடு 8,800. ரயில், ஆட்டோ, லாட்ஜ், சாப்பாடு 4,600. போட்டோ, ஜெராக்ஸ், நோட்டரி, மொழிபெயர்ப்பு 2,100. கூரியரும் குறுஞ்செய்திச் சேவையும் 1,300. விமான டிக்கெட்டை ரத்து செய்ததில் பிடித்துக்கொண்டது 5,000. ஆக 43,700 ரூபாய். மறுப்புத் தாளைக் காட்டியதும் காப்பீட்டுத் தொகையில் பெரும்பகுதி திரும்பி வந்தது. மற்றதெல்லாம் போனது போனதுதான். அக்கா நோட்டை மூடிவிட்டுக் கேட்டாள்: “விசாதான் ஒட்டலையே. அப்புறம் எதுக்குக் காசு வாங்கிக்கிட்டான்?”

அந்தக் கேள்விக்குச் சரியான பதில் தேடித்தான் இந்தக் கட்டுரை. விசாவுக்கு எவ்வளவு ஆகும் என்று கேட்டால் எல்லோரும் தூதரகத்தின் கட்டணப் பட்டியலைக் காட்டுகிறார்கள். அக்காவின் கணக்கில் அந்தப் பட்டியலில் உள்ள தொகை பாதிக்கும் குறைவு. மீதி எங்கிருந்து வருகிறது, யாருக்குப் போகிறது, கிடைக்காமல் போனால் யார் தலையில் விழுகிறது என்று பார்க்க வேண்டும்.

பட்டியலிலிருந்தே தொடங்கலாம். ஐரோப்பாவின் ஷெங்கன் நாடுகள் இப்போது 29. அவற்றுக்குக் குறுகிய கால விசாவின் கட்டணம் 2020 பிப்ரவரி வரை 60 யூரோ. பிறகு 80 ஆனது. 2024 ஜூன் 11 முதல் 90 யூரோ. யூரோவை 100 ரூபாய் என்று வைத்தால் தலைக்கு 9,000 ரூபாய். 6 முதல் 12 வயதுக் குழந்தைக்குப் பாதி, அதற்குக் கீழே இலவசம். அமெரிக்காவின் சுற்றுலா விசாவுக்கு 1998-இல் 45 டாலர் கேட்டார்கள். 2002 முடிவதற்குள் அது 100-ஐத் தொட்டது, 2012-இல் 160, 2023 ஜூனில் 185. பிரிட்டனின் ஆறு மாதப் பார்வையாளர் விசா 2023-இல் 100 பவுண்டிலிருந்து 115 ஆகி, 2025 ஏப்ரலில் 127 ஆனது. கனடா 100 கனடிய டாலர் வாங்கிக்கொண்டு, கைரேகைக்கு என்று தனியாக 85 டாலர் வாங்குகிறது.

இந்தத் தொகைகளை அப்படியே பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிடுவது தவறு. 185 டாலர் கட்டும் இந்தியருக்கு அமெரிக்கா பெரும்பாலும் பத்தாண்டு விசா தருகிறது. அதை வைத்து எத்தனை முறை வேண்டுமானாலும் போய்வரலாம். ஷெங்கனில் முதல் முறை விண்ணப்பிப்பவருக்குப் பயணத் தேதியை ஒட்டிச் சில வாரங்கள்தான் கிடைக்கும். அடுத்த வருடம் பேரனைப் பார்க்க மறுபடி 90 யூரோ, மறுபடி காப்பீடு. பார்த்த மாத்திரத்தில் மலிவாகத் தெரியும் ஷெங்கன், ஐந்து முறை போகிறவருக்கு அமெரிக்காவைவிட அதிகச் செலவு வைக்கும். 2024 ஏப்ரலில் ஐரோப்பிய ஆணையம் இந்தியர்களுக்கென்று ஒரு தளர்வு கொண்டுவந்தது. மூன்று ஆண்டுக்குள் இரண்டு விசா வாங்கி முறைப்படி போய்வந்தவருக்கு இரண்டாண்டு விசா, அதன்பின் ஐந்தாண்டு விசா. நல்ல ஏற்பாடு. ஆனால் அந்த முதல் இரண்டு படிகளில்தான் பலருக்குக் கால் வழுக்குகிறது.

யார் கட்ட வேண்டாம் என்பதும் விதியிலேயே இருக்கிறது. வேறொரு உறுப்பு நாட்டில் வாழும் ஐரோப்பிய ஒன்றியக் குடிமகனின் மனைவிக்கோ கணவனுக்கோ கட்டணம் கிடையாது. மாணவர்களுக்கும் ஆராய்ச்சியாளர்களுக்கும் சில சலுகைகள் உண்டு. கேட்காமல் யாரும் சொல்ல மாட்டார்கள். பணம் கட்டும் முன் அந்தப் பக்கத்தைப் படித்துவிட வேண்டும்.

1 டாலரும் 9 டாலரும்

அக்காவின் கேள்வி புதிதல்ல, அதற்கு நூறு வயது ஆகிவிட்டது. முதல் உலகப் போருக்கு முன்னால் ஐரோப்பாவின் பெரும்பகுதியில் பாஸ்போர்ட் இல்லாமலே ஊர் சுற்ற முடிந்தது. போர்க்காலக் காவலுக்கென்று வந்த விசா, போர் முடிந்த பிறகும் போகவில்லை. 1920 அக்டோபரில் உலக நாடுகள் சங்கம் பாரிசில் ஒரு பாஸ்போர்ட் மாநாடு கூட்டியது. நுழைவு விசாவுக்கு 10 தங்கப் பிராங்குக்கு மேல் வாங்கக் கூடாது, வழியில் கடந்து போகிறவருக்கு 1 பிராங்கு போதும் என்று அது பரிந்துரைத்தது. விசாவை வருமான வழியாக்கிவிடக் கூடாது என்ற அச்சம் அப்போதே இருந்திருக்கிறது.

அதே ஆண்டு ஜூனில் அமெரிக்கா ஒரு சட்டம் இயற்றியது. விசாவின் மொத்தச் செலவு 10 டாலர். அதை இரண்டாகப் பிரித்திருந்தார்கள்: விண்ணப்பத்தைப் பதிவதற்கு 1 டாலர், விசாவுக்கு 9 டாலர். அதாவது கதவைத் தட்டுவதற்கு ஒரு பங்கு, கதவு திறந்தால் ஒன்பது பங்கு. மறுத்தால் அந்த ஒன்பது டாலர் விண்ணப்பித்தவரின் பையிலேயே இருக்கும்.

இன்று பெரும்பாலான நாடுகள் இந்த இரண்டையும் ஒன்றாகச் சேர்த்து முதலிலேயே வாங்கிக்கொள்கின்றன. ஷெங்கனின் 90 யூரோவும் அமெரிக்காவின் 185 டாலரும் விசாவின் விலை அல்ல. உங்கள் தாளை ஓர் அதிகாரி பார்த்து முடிவெடுப்பதற்கான கூலி. நாம் பேச்சில் ‘விசாக் காசு’ என்கிறோம், அவர்கள் கணக்கில் அது ‘விண்ணப்பக் காசு’. இந்த வித்தியாசம் தெரியாமல்தான் பலர் கட்டிவிட்டுப் பிறகு திகைக்கிறார்கள்.

அரசுகளின் பக்கத்து நியாயத்தையும் சொல்ல வேண்டும். ஒரு விண்ணப்பத்தைப் படிக்க, கைரேகையைச் சரிபார்க்க, பின்னணியைத் தேட ஆகும் வேலை, முடிவு எதுவானாலும் நடந்தாகிறது. அதற்குச் சம்பளம் கொடுத்தாக வேண்டும். 80 யூரோவை 90 ஆக்கியபோது ஐரோப்பிய ஆணையம் விலைவாசி உயர்வையும் ஊழியர் சம்பளத்தையும்தான் காரணமாகக் காட்டியது. விசா கொடுத்தால்தான் பணம் என்றாகிவிட்டால், பணத்துக்காகக் கொடுத்தார்கள் என்ற பேச்சும் வரும். இதெல்லாம் ஏற்கத்தக்கதுதான். ஆனால் செலவை மீட்பது வேறு, செலவுக்கு மேல் எடுப்பது வேறு. பிரிட்டனில் பரிசீலனைக்கு ஆகும் செலவைவிடக் கூடுதலாகக் கட்டணம் வைக்கச் சட்டமே இடம் தருகிறது. ஒவ்வொரு வகைக்கும் தனக்கு என்ன செலவாகிறது என்பதை உள்துறையே வெளியிடுகிறது. அந்தப் பட்டியலையும் கட்டணப் பட்டியலையும் சேர்த்து வைத்துப் படித்தால், பல வகைகளில் இரண்டுக்கும் நடுவே உள்ள இடைவெளி கண்ணில் படும்.

அமெரிக்காவில் 2025 ஜூலை 4 அன்று கையெழுத்தான பெரிய வரிச் சட்டத்துக்குள் ‘விசா நேர்மைக் கட்டணம்’ என்று 250 டாலர் இடம்பெற்றிருக்கிறது. குடியேற்றம் அல்லாத விசாக்களுக்கு, விசா வழங்கும்போது வாங்க வேண்டியது. விதிகளை மீறாமல் தங்கித் திரும்பியவர் பின்னால் திரும்பக் கேட்கலாம் என்றும் சட்டம் சொல்கிறது. 1920-இன் ஒன்பது டாலரைப் போல, கிடைத்தவரிடம் மட்டும் வாங்குவது இது. அந்த ஒரு விஷயத்தில் நியாயமானது. ஆனால் பழைய 185 அப்படியே இருக்க, அதன் தலைமேல் இது ஏறுகிறது.

கண்ணாடிக் கதவுக்கு உள்ளே

முன்பெல்லாம் தூதரக வாசலில் விடிகாலையிலேயே வரிசை நிற்கும். அந்த வரிசையைத் தூதரகத்திலிருந்து பிரித்தெடுத்ததே ஒரு தொழிலானது. 2001-இல் மும்பையில் சுபின் கர்காரியா தொடங்கிய விஎஃப்எஸ், அங்குள்ள அமெரிக்கத் துணைத் தூதரகத்தின் காகித வேலையை எடுத்துச் செய்தது. அது இன்று உலகெங்கும் பல டஜன் அரசுகளுக்கு விண்ணப்பம் வாங்கித் தரும் பெரும் நிறுவனம். இதுபோன்ற நிறுவனங்கள் விசா தருவதில்லை, மறுப்பதும் இல்லை. தாளை வாங்குகின்றன, ரேகை எடுக்கின்றன, பாஸ்போர்ட்டைத் திருப்பித் தருகின்றன. இந்த ஏற்பாட்டால் அரசுக்குச் செலவு குறைகிறது, அந்தச் செலவு சேவைக் கட்டணம் என்ற பெயரில் விண்ணப்பதாரரிடம் வந்து சேர்கிறது.

ஐரோப்பிய ஒன்றியத்தின் விசா விதித்தொகுப்பு, இந்தச் சேவைக் கட்டணம் பொதுவாக விசாக் கட்டணத்தில் பாதிக்கு மேல் போகக் கூடாது என்கிறது. எனவே உச்சவரம்பு இருக்கிறது. ஆனால் அந்த வரம்பு கட்டாயச் சேவைக்குத்தான். பிரீமியம் லவுஞ்ச், வீடு தேடி வந்து ரேகை எடுப்பது, படிவம் நிரப்பித் தருவது, கூரியர், குறுஞ்செய்தி என்று பக்கவாட்டில் ஒரு நீண்ட பட்டியல் நிற்கிறது. எதுவும் கட்டாயமில்லை, எதை எடுத்தாலும் விசா கிடைக்கும் வாய்ப்பு ஒரு புள்ளிகூடக் கூடாது. பதற்றத்தோடு வரும் அறுபது வயது மனுஷிக்கு இது எப்படித் தெரியும்? “இதையும் போட்டுக்கலாமா மேடம்?” என்று கேட்டால், போட்டால்தான் நல்லது போலிருக்கிறது என்று தலையாட்டுகிறாள். அக்காவும் அப்படித்தான் தலையாட்டினாள். கட்டாயமானது எது, விருப்பமானது எது என்று ரசீதில் பிரித்து, தமிழில் அச்சடித்துக் கொடுப்பதற்கு எந்தத் தொழில்நுட்பமும் தேவையில்லை.

இலங்கையில் இதே விஷயம் 2024-இல் நீதிமன்றம் வரை போனது. நாட்டுக்கு வருகிறவர்களின் இணையவழி விசாப் பணியை ஏப்ரலில் வெளிநாட்டு நிறுவனக் கூட்டு ஒன்றிடம் கொடுத்தார்கள். விசாக் கட்டணத்துக்கு மேல் ஏறத்தாழ 25 டாலர் சேவைக்கும் வசதிக்கும் என்று சேர்ந்தது. கட்டுநாயக்க விமான நிலையத்தில் எதிர்ப்பு எழுந்தது, வழக்குப் போட்டார்கள், ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அந்த ஏற்பாட்டை இடைக்காலமாக நிறுத்தியது. சேவைக் கட்டணம் என்ற சிறு வரியைப் பொதுமக்கள் உற்றுப் பார்த்த அரிய நிகழ்ச்சி அது. சுற்றுலாவை நம்பிய நாடு என்பதால் வருகிறவர் முகம் சுளித்ததும் அங்கே கேட்டது. மறுபுறம் தாய்லாந்தும் மலேசியாவும் 2023-இன் கடைசி மாதங்களில் இந்தியர்களுக்கு விசாவையே விலக்கிவிட்டன. கட்டணத்தை இழந்தாலும் வருகிறவர் செலவழிப்பதில் ஈடாகிவிடும் என்பது அவர்கள் கணக்கு.

மறுபடி நம் ஊருக்கு வருவோம். ஷெங்கன் விசாவுக்கு ரேகை பதியும் முறை இந்தியாவில் 2015 நவம்பரில் வந்தது. அதற்கு முன் முகவரிடம் காகிதத்தைக் கொடுத்தால் போதும், அவர் சென்னைக்குக் கொண்டுபோவார். இப்போது ஆளே போக வேண்டும். ரேகை 59 மாதம் செல்லும் என்பதால் இடையில் விண்ணப்பிப்பவர்கள் மறுபடி பதிய வேண்டியதில்லை. ஆனால் முதல் தடவை செல்பவருக்குத் தூரமே ஒரு கட்டணம். சென்னை அடையாறில் இருப்பவருக்கு அரை நாள் வேலை. கும்பகோணத்தாருக்கு ஒரு பகல், இரண்டு இரவு. நாகர்கோவிலிலிருந்து தினக்கூலி வேலையை விட்டுவிட்டு வருகிறவருக்கு அத்தனை நாள் கூலியும் சேர்த்துப் போகிறது. இந்த வித்தியாசம் எந்தக் கட்டணப் பட்டியலிலும் வராது.

காகிதத்தின் விலையும் இப்படித்தான். ஷெங்கனுக்கு 30,000 யூரோ மருத்துவச் செலவைத் தாங்கும் காப்பீடு வேண்டும். வயது ஏற ஏற அதன் விலை கூடும். பேத்தியைப் பார்க்கப் போகும் பாட்டிதான் அதிகம் கட்டுகிறாள். வரிக் கணக்கு, வங்கிக் கணக்கு அறிக்கை, சொத்துப் பத்திரம், அதன் மொழிபெயர்ப்பு எல்லாம் வேண்டும். ஜெர்மனிக்கு அழைக்கும் மகனோ மகளோ அங்குள்ள அலுவலகத்தில் செலவுக்கு நான் பொறுப்பு என்று உறுதிமொழி எழுதிக் கொடுக்க வேண்டியிருந்தால், அதற்கு 29 யூரோ. விமான முன்பதிவையும் காட்ட வேண்டும். ஆனால் விசா வருமுன் டிக்கெட் வாங்கிவிடாதீர்கள் என்று தூதரகங்களே எச்சரிக்கின்றன. இந்த இரண்டுக்கும் நடுவில் ‘டம்மி டிக்கெட்’ விற்கும் கடைகள் முளைத்திருக்கின்றன. அதில் விழ வேண்டாம். ரத்து செய்தால் பணம் திரும்பும் டிக்கெட்டோ, விமான நிறுவனமே சில நாள் நிறுத்திவைக்கும் முன்பதிவோ போதும். போலிச் சீட்டு பிடிபட்டால் 90 யூரோவோடு போகாது, அடுத்த விண்ணப்பத்தையும் கெடுக்கும்.

காத்திருப்புக்கும் விலை இருக்கிறது. 2022-இன் கடைசியில் இந்தியாவின் சில அமெரிக்கத் தூதரகங்களில் முதல்முறை சுற்றுலா விசா நேர்காணலுக்கு இரண்டரை ஆண்டுக்கு மேல் காத்திருக்க வேண்டியிருந்தது. பாங்காக்கில் சீக்கிரம் கிடைக்கிறது என்று வசதியுள்ளவர்கள் அங்கே பறந்தார்கள். தூதரகமே அந்த வழியைச் சொன்னது. 2025 செப்டம்பரில் அவரவர் நாட்டில் அல்லது வாழும் நாட்டில்தான் விண்ணப்பிக்க வேண்டும் என்று அந்த வழியை அடைத்தார்கள். காத்திருப்பு நீளும் இடத்தில் தரகர் வருவார். நேர்காணல் நேரத்தை மென்பொருளால் அள்ளிப் பதுக்கி விற்கும் கும்பல்கள் பெருகி, 2025 மார்ச்சில் இந்தியாவிலுள்ள அமெரிக்கத் தூதரகம் ஏறத்தாழ 2,000 முன்பதிவுகளை ரத்து செய்தது. இலவசமாகக் கிடைக்க வேண்டிய ஒரு நேரத்தை விலை கொடுத்து வாங்கிய குடும்பங்களை நானே அறிவேன்.

இல்லை என்ற பதிலுக்கு

2024-இல் இந்தியாவிலிருந்து 11 லட்சத்துக்கும் அதிகமான ஷெங்கன் விண்ணப்பங்கள் போயின. அவற்றில் ஏறத்தாழ 1,65,000 மறுக்கப்பட்டன. ஏழு பேரில் ஒருவர். அந்த ஆண்டின் நடுவில்தான் 80 யூரோ 90 ஆனது. எல்லோரும் 80 கட்டியதாகக் குறைத்துக் கணக்கிட்டாலே 1 கோடியே 30 லட்சம் யூரோ. சிறுவர்களையும் விலக்குப் பெற்றவர்களையும் கழித்தாலும் அது பெரிய தொகைதான். இது கட்டணம் மட்டும். உழவன் எக்ஸ்பிரசும் லாட்ஜும் இதில் சேரவில்லை.

மார்த்தா ஃபொரெஸ்தி தொடங்கிய லாகோ கலெக்டிவ் என்ற குழு, மறுக்கப்பட்ட ஷெங்கன் விண்ணப்பங்களால் 2023-இல் மட்டும் உலகெங்குமிருந்து சுமார் 13 கோடி யூரோ போனதாகக் கணக்கிட்டது. இதைத் ‘தலைகீழ்ப் பணவரவு’ என்று அவர்கள் அழைக்கிறார்கள். வெளிநாட்டில் உழைப்பவர் வீட்டுக்கு அனுப்பும் பணம் ஒரு திசையில் வருகிறது, கிடைக்காத விசாவுக்குக் கட்டிய பணம் எதிர்த்திசையில் போகிறது. மறுப்பு விகிதம் அதிகமுள்ள நாடுகளில் பல, ஆப்பிரிக்காவிலும் தெற்காசியாவிலும் உள்ள ஏழை நாடுகள். கிடைக்கும் வாய்ப்பு குறைவாக உள்ளவர்களே இந்தக் கட்டணத்தைத் திரும்பத் திரும்பக் கட்டுகிறார்கள்.

எண் ஒன்றாக இருந்தாலும் எடை ஒன்றல்ல. 2025-இல் ஜெர்மனியின் குறைந்தபட்சக் கூலி மணிக்கு 12.82 யூரோ. அங்கே 90 யூரோ என்பது ஏழு மணி நேர வேலை. 2025-26-இல் தமிழ்நாட்டில் நூறு நாள் வேலைக்கு நாள் கூலி 336 ரூபாய். இங்கே 90 யூரோ 27 நாள் வேலை. நூறு நாள் வேலைக்குப் போகிறவர் ஐரோப்பாவுக்கு எங்கே போகிறார் என்று கேட்கலாம். அவருடைய மகள் செவிலியராகப் போயிருக்கிறாள், மகன் சமையலராகப் போயிருக்கிறான். பார்க்கப் போக வேண்டும் என்ற ஆசை அவர்களுக்கும் இருக்கிறது. ஜெர்மானியர் ஒருவர் நம் நாட்டுக்கு வர 30 நாள் இ-விசா வாங்கினால் பருவத்தைப் பொறுத்து 10 டாலர் அல்லது 25 டாலர். வீட்டிலிருந்தே வாங்கிவிடலாம்.

மறுத்தால் மேல்முறையீடு செய்யலாமே என்பார்கள். அமெரிக்காவில் திரும்பி வருவீர்களா என்ற ஐயத்தில் மறுத்தால் முறையீடே கிடையாது, மறுபடி 185 டாலர் கட்டி வரிசையில் நிற்க வேண்டியதுதான். பிரிட்டனின் பார்வையாளர் விசாவுக்கும் முறையீடு இல்லை. ஜெர்மனியில் செலவில்லாமல் ஒரு கடிதம் எழுதி மறுபரிசீலனை கேட்கும் வழி பல்லாண்டாக இருந்தது. 2025 ஜூலை 1 முதல் உலகெங்கும் அதை நிறுத்திவிட்டார்கள். இனி பெர்லின் நிர்வாக நீதிமன்றத்தில் வழக்குத் தொடுக்கலாம், இல்லையென்றால் புதிதாக விண்ணப்பிக்கலாம். கும்பகோணத்திலிருந்து யார் பெர்லினில் வழக்குப் போடுவார்கள்? மறுபடி 90 யூரோ கட்டுவார்கள். எனக்கு மிகவும் அநியாயமாகப் படுவது இந்த இடம்தான். தவறு அதிகாரியுடையதாக இருந்தாலும் அதைத் திருத்தும் செலவு விண்ணப்பதாரருடையது.

மாணவர்களின் கணக்கு இதைவிடப் பெரியது, ஆனால் முன்கூட்டியே தெரிந்துகொள்ளக்கூடியது. பிரிட்டனில் ஓராண்டு முதுகலைக்குப் போகிறவர் 2025-இன் கட்டணப்படி விசாவுக்கு 524 பவுண்டு கட்ட வேண்டும். அதோடு சுகாதார மேல்வரி. 2015-இல் மாணவருக்கு ஆண்டுக்கு 150 பவுண்டாக வந்த அது 2024 பிப்ரவரியில் 776 ஆனது. படிப்பு ஓராண்டுதான் என்றாலும் விசா அதற்குப் பின்னும் நான்கு மாதம் நீள்வதால் ஒன்றரை ஆண்டுக்கு வாங்குகிறார்கள், 1,164 பவுண்டு. ஆக 1,688 பவுண்டு, கல்லூரிக் கட்டணம் சேராமலேயே. விசா மறுத்தால் மேல்வரி திரும்பி வரும், 524 வராது. அமெரிக்காவில் 185 டாலரோடு மாணவர் பதிவுக்கு 350 டாலர். ஆஸ்திரேலியா மாணவர் விசாவை 2024 ஜூலையில் 710 ஆஸ்திரேலிய டாலரிலிருந்து 1,600 ஆக்கி, அடுத்த ஜூலையிலேயே 2,000 ஆக்கியது. திரும்பி வராத பணம் ஒரு லட்சம் ரூபாய்க்கு மேல்! கல்விக் கடனில் இந்தச் செலவுகளைச் சேர்க்க வங்கிகள் எப்போதும் சம்மதிப்பதில்லை. பல வீடுகளில் இதற்கு நகைதான் அடகுக்குப் போகிறது.

ஃப்ரீ விசா

நம் ஊரில் ‘விசா’ என்ற சொல்லுக்கு இன்னொரு பொருளும் இருக்கிறது. ராமநாதபுரத்திலும் பெரம்பலூரிலும் “அவனுக்கு விசா வந்திருச்சு” என்றால் வளைகுடாவில் வேலை கிடைத்துவிட்டது என்று அர்த்தம். அந்த விசாவின் அரசுக் கட்டணத்தை வேலை தருகிறவரே கட்ட வேண்டும். தொழிலாளியிடம் ஆள்சேர்ப்புச் செலவை வசூலிக்கக் கூடாது என்று ஐக்கிய அரபு அமீரகத்தின் 2021 தொழிலாளர் சட்டம் சொல்கிறது. பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பின் 1997 உடன்படிக்கையும் அதையே சொல்கிறது. இந்தியா தன் பங்குக்குப் பதிவுபெற்ற முகவர் 30,000 ரூபாயும் அதன்மேல் 18 சதவீத ஜிஎஸ்டியும் வாங்கலாம் என்று வரம்பு வைத்திருக்கிறது. மொத்தம் 35,400. தமிழ்நாடு அரசின் அயல்நாட்டு வேலைவாய்ப்பு நிறுவனம் 1978-இலிருந்து இயங்குகிறது. அங்கே போனாலும் இதே தொகைதான்.

ஊரில் நடப்பது வேறு. ஒரு லட்சம், ஒன்றரை லட்சம் என்று கைமாறுகிறது. முகவருக்குக் கீழே ஒரு துணை முகவர், அவருக்குக் கீழே ஊரில் தெரிந்த ஒரு அண்ணன். ரசீது கிடையாது. கடன் மாத வட்டிக்கு எடுத்தது. ‘ஃப்ரீ விசா’ என்று ஒன்று சொல்வார்கள். இலவசம் என்று அர்த்தமில்லை, எந்த முதலாளியிடமும் வேலை பார்த்துக்கொள்ளலாம் என்று சொல்லி விற்கப்படுவது. காகிதத்தில் ஒரு முதலாளி இருப்பார், அவரிடம் வேலை இருக்காது. அவர் பெயரைப் பயன்படுத்துவதற்கு ஆண்டுதோறும் பணம். வேறிடத்தில் வேலை பார்ப்பது அங்கே சட்டமீறல் என்பதால் பிடிபட்டால் நாடு கடத்துவார்கள். விலை கூடிய விசாக்களில் இதுவும் ஒன்று.

இங்கே மறுப்பு என்பது தாளில் வருவதில்லை. போய் இறங்கிய பிறகு சம்பளம் சொன்னதைவிடக் குறைவாக இருப்பதுதான் மறுப்பு. வட்டிக்கு வாங்கியவர் திரும்பிவர முடியாது, முதல் ஆண்டின் உழைப்பு கடனுக்கே சரி. ஐரோப்பிய விசாவுக்கு 90 யூரோவை இழந்தவர் வீட்டில் இருந்தபடி வருந்தலாம். இவருக்கு அந்த வசதியும் இல்லை. அதனால்தான் முகவரின் பதிவு எண்ணை மத்திய அரசின் இ-மைக்ரேட் தளத்தில் பார்ப்பது, 35,400-க்கு ரசீது கேட்பது, பத்தாம் வகுப்பு முடிக்காதவர்கள் குடியகல்வு அனுமதி இல்லாமல் சுற்றுலா விசாவில் ஏறாமல் இருப்பது ஆகியவை அவ்வளவு முக்கியம். இரண்டு ஆண்டுக்கு 275 ரூபாய்க்கு 10 லட்ச ரூபாய் விபத்துக் காப்பீடு தரும் பிரவாசி பாரதிய பீமா யோஜனா, இந்தச் செலவுகளிலேயே மிக மலிவானது, மிகவும் உதவுவது. சுற்றுலா விசாவில் அனுப்பப்படுகிறவருக்கு அதுவும் கிடைக்காமல் போகிறது.

இதில் மாற்றக்கூடியவை இருக்கின்றன. 1920-இன் பிரிப்பை மீண்டும் கொண்டுவருவது நடக்காத காரியமல்ல. பரிசீலனைக்கு ஆகும் உண்மையான செலவை மட்டும் முன்னால் வாங்கி, மீதியை வழங்கும்போது வாங்கலாம். காகிதம் குறைவு என்பதற்காக மறுக்கப்பட்டவர் மூன்று மாதத்துக்குள் குறையைத் தீர்த்துத் திரும்பினால் இரண்டாம் கட்டணம் இல்லை என்று விதிக்கலாம். மறுப்புத் தாளில் கட்டத்தைக் குறிப்பதோடு, எந்தத் தாளில் என்ன குறை என்று இரண்டு வரி எழுதலாம். மாவட்டத் தலைநகரங்களுக்கு மாதம் ஒருமுறை ரேகைப் பதிவு வண்டி வரலாம், பாஸ்போர்ட் சேவையை இந்தியா அஞ்சலகங்களுக்குக் கொண்டுவந்ததைப் போல. இவற்றைக் கேட்க வேண்டிய இடம் இரு நாட்டு அரசுகளின் பேச்சுவார்த்தை மேசை. வர்த்தக ஒப்பந்தம் பேசும்போது பொறியாளர்களின் விசாவைப் பேசுகிறார்கள், பெற்றோரின் விசாவையும் பேசலாம்.

அக்கா இரண்டாம் முறை விண்ணப்பித்தாள். இந்த முறை விருப்பச் சேவை எதையும் வாங்கவில்லை. திரும்பி வருவதற்கான காரணங்களைத் தனித்தனியாக எழுதினோம்: அத்தானின் ஓய்வூதியப் புத்தகம், வீட்டுப் பத்திரம், வயதான மாமியாரைப் பார்த்துக்கொள்ள வேண்டியிருப்பதற்கு மருத்துவர் கடிதம். ரேகை பழையதே செல்லுபடியானது. செலவு 31,000 ரூபாய்க்குள் முடிந்தது. விசா வந்தது, 40 நாளுக்கு. அதற்குள் குழந்தை பிறந்து இரண்டு மாதம் ஆகிவிட்டிருந்தது. பிரசவ லேகியத்துக்கு வாங்கி வைத்த சுக்கையும் திப்பிலியையும் அக்கா அப்படியே டப்பாவில் போட்டு எடுத்துப் போனாள்.